தரையில் வாழும் பெரிய டரான்டுலா வளர்ப்பு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டரான்டுலா என்ற பெரிய சிலந்தியை வாங்கலாமா என்று யோசிப்பவர்களும், வாங்கிய முதல் வாரத்திலேயே பதறுபவர்களும் கேட்கிற கேள்விகள் பெரும்பாலும் ஒன்றுதான். அவற்றை இங்கே ஒரே இடத்தில் வைத்திருக்கிறேன். தரையில் வளை தோண்டியோ, கட்டைக்கும் பாறைக்கும் அடியில் ஒண்டியோ வாழும் பெரிய இனங்களைப் பற்றித்தான் பேச்சு. மரத்தில் வாழும் டரான்டுலாக்களுக்குத் தொட்டியின் உயரம் தொடங்கி எல்லாமே வேறு. அவற்றுக்கு இதை வைத்து முடிவு செய்யாதீர்கள்.

பெரியது என்றால் எவ்வளவு பெரியது?

சிலந்தியை அளப்பது உடலை வைத்து இல்லை. ஒரு பக்கத்து முன்காலின் நுனியிலிருந்து எதிர்ப்பக்கத்துப் பின்காலின் நுனி வரை அளப்பார்கள். இதுதான் கால்வீச்சு. அந்தக் கணக்கில், தென் அமெரிக்காவின் வடபகுதி மழைக்காடுகளில் வாழும் தெரபோசா பிளாண்டி 28 சென்டிமீட்டர் வரை வளரும். எடை 170 கிராமைத் தொடும். உலகிலேயே கனமான சிலந்தி அதுதான். பிரேசிலின் லாசியோடோரா பாராஹைபானா 20 சென்டிமீட்டரைச் சாதாரணமாகத் தாண்டும். சிவப்பு முழங்காலுக்குப் பேர்போன மெக்சிகோவின் பிராக்கிபெல்மா ஹமோரி 13 முதல் 15 சென்டிமீட்டர். கேட்கும்போது சின்னதாகத் தெரியலாம். மண்மேல் காலை விரித்து நிற்கும்போது பாருங்கள், அப்படித் தோன்றாது.

முதல்முறை வளர்க்கிறேன். எதை வாங்குவது?

பிராக்கிபெல்மா ஹமோரி, கிராமோஸ்டோலா புல்க்ரா, கிராமோஸ்டோலா புல்க்ரிப்ஸ், டில்டோகாட்ல் அல்போபிலோசஸ் ஆகிய நான்கில் ஒன்று. எல்லாமே நிதானமானவை. ஈரப்பதம் கொஞ்சம் முன்பின் ஆனாலும் தாங்கும். பயந்தால் பெரும்பாலும் ஒதுங்கிப்போகும்.

"எடுத்தவுடனே தெரபோசா பிளாண்டி வாங்கலாமா?" என்று கேட்பவர்கள் நிறைய. என் பதில்: வேண்டாம். அதற்கு மண் எப்போதும் ஈரமாக இருக்க வேண்டும், ஆனால் காற்று தேங்கக்கூடாது. இந்தச் சமநிலை பழகித்தான் கைவரும். போதாததற்கு அதன் சுணைமுடி, அதாவது வயிற்றிலிருந்து தேய்த்துப் பறக்கவிடும் அரிப்பு முடி, டரான்டுலாக்களிலேயே மிக மோசமான வகையைச் சேர்ந்தது. பெரிய உருவம்தான் ஆசை என்றால் லாசியோடோரா பாராஹைபானாவைப் பாருங்கள். மூன்று நான்கு வருடத்தில் பிரமாண்டமாகிவிடும், பராமரிப்பும் எளிது.

ஆப்பிரிக்க, ஆசிய இனங்களுக்குச் சுணைமுடி கிடையாது. அதற்குப் பதிலாக வேகமும், கடித்தால் நாள்கணக்கில் தசைப்பிடிப்பு தரக்கூடிய விஷமும் உண்டு. அனுபவம் வந்த பிறகு அவற்றைப் பற்றி யோசிக்கலாம்.

எத்தனை வருடம் வாழும்?

பெண்ணா ஆணா என்பதைப் பொறுத்தது. பிராக்கிபெல்மா, கிராமோஸ்டோலா பெண்கள் 20 வருடத்தைத் தாண்டி வாழ்கின்றன. ஆண் அப்படியில்லை. கடைசியாகத் தோலுரித்து முழு வளர்ச்சி அடைந்ததும் அதன் வேலை பெண்ணைத் தேடுவது மட்டும்தான். அதன்பின் சில மாதங்களோ, கூடினால் ஒன்றிரண்டு வருடங்களோதான். முகத்தருகே இருக்கும் இரண்டு சின்னக் கால்களின் நுனி குத்துச்சண்டைக் கையுறைபோல் உப்பியிருந்தால் அது வளர்ந்த ஆண். பல இனங்களில் முன்காலின் உட்புறம் ஒரு கொக்கியும் தெரியும்.

வளராத சிலந்தியில் ஆண், பெண் கண்டுபிடிக்க நம்பகமான வழி, உரித்த தோலின் வயிற்றுப் பகுதியை விரித்து உட்புறம் பார்ப்பது. பெண்ணுக்கு அங்கே விந்து சேமிக்கும் சிறு பை இருக்கும். விற்பவர் "பெண்" என்று சொன்னால், எதை வைத்துச் சொல்கிறார் என்று கேளுங்கள். தோலைக் காட்டினால் நம்பலாம்.

காட்டில் பிடித்ததா, வளர்ப்பில் பிறந்ததா? அதில் என்ன இருக்கிறது?

நிறைய இருக்கிறது. இவை மெதுவாக வளர்பவை. பெண் பிராக்கிபெல்மா முட்டையிடும் வயதுக்கு வரவே பல வருடங்கள் ஆகும். வளர்ந்த பெண்களை வளையிலிருந்து தோண்டி எடுத்துக்கொண்டே இருந்தால் அந்த இடத்தில் இனம் மீள நெடுங்காலம் பிடிக்கும். பிராக்கிபெல்மா இனங்கள், காட்டுயிர் வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சர்வதேச ஒப்பந்தமான சைட்டீஸின் இரண்டாம் பட்டியலில் இருப்பதற்கு இப்படிப்பட்ட வணிகம்தான் காரணம். உரிய ஆவணம் இல்லாமல் அவை எல்லை தாண்டக்கூடாது.

காட்டில் பிடித்தவற்றில் ஒட்டுண்ணிகள் இருக்கலாம், வயதும் தெரியாது. ஆகவே வளர்ப்பில் பிறந்ததை, எங்கே பிறந்தது என்று சொல்லக்கூடியவரிடமிருந்து வாங்குங்கள். அதற்கும் முன்னால் உங்கள் நாட்டுச் சட்டத்தைப் பார்த்துவிடுங்கள். சில இடங்களில் உரிமம் வேண்டும், சில இடங்களில் வளர்க்கவே கூடாது.

தொட்டி எப்படி இருக்க வேண்டும்?

நீளம் சிலந்தியின் கால்வீச்சைப்போல் மூன்று மடங்கு, அகலம் இரண்டு மடங்கு இருந்தால் போதும். இதில் கொஞ்சம் கூடக்குறைய இருக்கலாம். உயரத்தில் மட்டும் விளையாடாதீர்கள். மண்ணின் மேற்பரப்பிலிருந்து மூடி வரை உள்ள இடைவெளி கால்வீச்சைப்போல் ஒன்றரை மடங்குக்கு மேல் போகக்கூடாது.

ஏன் இவ்வளவு கறார்? தரை டரான்டுலாவும் இரவில் கண்ணாடியில் ஏறிப் பார்க்கும். ஆனால் அதன் உடல் ஏறுவதற்கு ஏற்றதில்லை. கனமான வயிறு, அதைச் சுற்றி மெல்லிய தோல். பெரிய பெண் சிலந்தி முப்பது சென்டிமீட்டர் உயரத்திலிருந்து ஒரு கல்லின்மேல் விழுந்தால் வயிறு பிளந்துவிடலாம். அதன் ரத்தம் நம் ரத்தம்போல் சட்டென்று உறைந்து காயத்தை அடைக்காது. அதோடு, டரான்டுலாவின் காலில் சில மூட்டுகளை மடக்கத்தான் தசை உண்டு, நீட்டுவதற்கு இல்லை. உடலுக்குள் இருக்கும் திரவத்தின் அழுத்தத்தால்தான் கால் நீள்கிறது. திரவம் ஒழுகினால் நடக்கவும் முடியாது.

கடையில் கிடைக்கும் மீன்தொட்டி உயரமாக இருந்தால் அதைத் தூக்கிப்போட வேண்டியதில்லை. மண்ணை மேலும் நிரப்பி இடைவெளியைக் குறைத்துவிடுங்கள். கூரான கல், முள் வைத்த அலங்காரப் பொருள் எதுவும் வேண்டாம். சரிந்து விழாதபடி பதித்த ஒரு மரப்பட்டை வளைவு, அதன்கீழ் நீங்களே விரலால் தோண்டிக்கொடுத்த ஒரு பள்ளம், ஒரு தண்ணீர்க் கிண்ணம், இவ்வளவு போதும்.

கம்பிவலை மூடி போடலாமா?

கூடாது. கால்நுனி நகம் வலையில் மாட்டிக்கொண்டு தொங்கும்; சில சமயம் பல்லாலும் வலையைக் கடித்து மாட்டிக்கொள்ளும். துளையிட்ட அக்ரிலிக் மூடி நல்லது. பக்கவாட்டிலும் துளை இருந்தால் காற்று குறுக்கே ஓடும்.

என்ன மண்?

தென்னை நார்த்தூள், உரமோ பூச்சிமருந்தோ கலக்காத தோட்டமண், இரண்டும் சேர்த்த கலவை, எதுவும் சரி. பிடித்தால் உருண்டையாக நிற்க வேண்டும். அப்போதுதான் வளை சரியாது. அழுத்திப் பரப்புங்கள், 10 முதல் 15 சென்டிமீட்டர் ஆழம், வளை தோண்டும் இனத்துக்கு இன்னும் கூடுதலாக. தேவதாரு, சிடார் மரச்சீவல்கள் ஆகாது. அவற்றிலிருந்து வரும் எண்ணெய் சிலந்திக்கு நஞ்சு.

ஈரப்பதமானி வாங்க வேண்டுமா?

வேண்டாம். அதன் முள்ளைத் துரத்திக்கொண்டு தினமும் தண்ணீர் தெளித்து, தொட்டியைச் சேறாக்கிச் சிலந்தியைக் கொன்றவர்கள் உண்டு. டரான்டுலா மூச்சுவிடுவது வயிற்றின் அடிப்பக்கத்தில், புத்தகத் தாள்போல் அடுக்கடுக்காக உள்ள நான்கு புத்தக நுரையீரல்களால். அவை மண்ணுக்கு மிக அருகில் இருக்கின்றன. தேங்கிய ஈரக்காற்று அவற்றுக்கு எமன்.

பிராக்கிபெல்மா, கிராமோஸ்டோலா போன்றவற்றுக்கு மண் உலர்வாக இருக்கட்டும். கிண்ணத்தை நிரப்பும்போது கொஞ்சம் வழியவிட்டால் ஒரு மூலை ஈரமாகும், அது போதும். தெரபோசாவுக்கு மண்ணின் ஓரத்தில் தண்ணீரை ஊற்றி, அடிப்பகுதி ஈரமாகவும் மேற்பரப்பு கிட்டத்தட்ட உலர்ந்தும் இருக்கும்படி வையுங்கள்.

எந்த இனமானாலும் தண்ணீர்க் கிண்ணம் காலியாக இருக்கக்கூடாது. "மூழ்கிவிடாதா?" என்று பயந்து பஞ்சோ ஸ்பாஞ்சோ வைக்காதீர்கள். அது கிருமி வளரும் இடம். வளர்ந்த சிலந்தி கிண்ணத்தில் மூழ்காது. அது தண்ணீர் குடிப்பதைப் பார்ப்பதே ஒரு சுகம்: முன்னுடலைத் தாழ்த்தி, முகத்தைத் தண்ணீரில் பதித்து, நிமிடக்கணக்கில் அசையாமல் அப்படியே கிடக்கும். இறந்துவிட்டதோ என்று நினைத்து மூடியைத் திறந்துவிடாதீர்கள்.

சூடேற்றும் பாய், விளக்கு?

நீங்கள் சட்டையோடு வசதியாக இருக்கும் அறை அதற்கும் வசதியானதுதான். 20 முதல் 28 டிகிரி செல்சியஸ் வரை பிரச்சினை இல்லை. தொட்டிக்கு அடியில் சூடு வைப்பது தவறு. டரான்டுலா சூட்டிலிருந்து தப்பக் கீழேதான் தோண்டும். அடியில் சூடு இருந்தால் தோண்டத் தோண்டச் சாவை நோக்கிப் போகும். குளிர் அதிகமான ஊர் என்றால் அறையைச் சூடாக்குங்கள். விளக்கு வேண்டாம். நேர்வெயில் படும் ஜன்னலோரம் வைக்கவே கூடாது.

என்ன உணவு, எத்தனை நாளுக்கு ஒருமுறை?

கிரிக்கெட் பூச்சி, டூபியா கரப்பான், சூப்பர்வார்ம் புழு. இரை சிலந்தியின் வயிற்றைவிடப் பெரிதாக இருக்க வேண்டாம். குட்டிகளுக்கு வாரம் இருமுறை. வளர்ந்தவற்றுக்குப் பத்துப் பதினைந்து நாளுக்கு ஒருமுறை போதும். வெளியே பிடித்த பூச்சி வேண்டாம், எந்த மருந்தில் நடந்து வந்தது என்று யாருக்கும் தெரியாது. எலிக்குஞ்சு போடுவதைக் காணொளிகளில் பார்த்திருப்பீர்கள். அதற்கு அவசியமே இல்லை. எலிக்குஞ்சுக்கும் வதை, மிச்சம் அழுகித் தொட்டியும் நாறும்.

இரை மண்ணில் நடக்கும் அதிர்வு காலில் பட்டதும் சிலந்தி அப்படியே உறைந்து நிற்கும். பிறகு பாயும் வேகத்தைக் கண்ணால் தொடரமுடியாது. பல்லில் கவ்விக்கொண்டே மெதுவாக வட்டமடித்து, அடியில் ஒரு சின்ன வலைவிரிப்பு போட்டு, உட்கார்ந்து சாப்பிடும். சில மணி நேரம் கழித்து கருப்பாக ஒரு சின்ன உருண்டை மட்டும் கிடக்கும். அதை இடுக்கியால் எடுத்துவிடுங்கள். தினசரிச் சுத்தம் அவ்வளவுதான்.

வயிறு முன்னுடலைவிட ஒன்றரை மடங்குக்கு மேல் பெருத்தால் உணவைக் குறையுங்கள். கொழுத்த சிலந்தி ஆரோக்கியமானது இல்லை. மண்ணில் உரசியே வயிறு காயப்படும், விழுந்தால் பிளக்கும்.

இரண்டு மாதமாகச் சாப்பிடவில்லை. என்ன செய்வது?

வயிறு சுருங்கவில்லை, தண்ணீர் இருக்கிறது என்றால் ஒன்றும் செய்ய வேண்டாம். கிராமோஸ்டோலா இனங்கள் பல மாதம் உண்ணாமல் இருப்பது சகஜம். பெரும்பாலும் அடுத்த தோலுரிப்புக்கான தயாரிப்பு அது. சாப்பிடாத இரையை மறுநாளே எடுத்துவிடுங்கள். தோலுரிக்கும் நேரத்தில் ஒரு கிரிக்கெட் பூச்சி தொட்டிக்குள் இருந்தால் அது சிலந்தியைக் கடித்துத் தின்னும்.

மல்லாந்து கிடக்கிறது. செத்துவிட்டதா?

இல்லை. தோலுரிக்கிறது. தொடாதீர்கள், ஊதாதீர்கள், தண்ணீர் தெளிக்காதீர்கள், தொட்டியை நகர்த்தாதீர்கள். புதியவர்கள் பதற்றத்தில் திருப்பிப் போட்டுச் சிலந்தியைக் கொன்றுவிடும் தருணம் இதுதான்.

முன்கூட்டியே அறிகுறிகள் இருக்கும். உணவை மறுக்கும், நிறம் மங்கும். வயிற்றில் முடி உதிர்ந்த இடம் இருந்தால் அந்தத் தோல் கருத்துப் பளபளக்கும். பிறகு மண்மேல் கனமாக ஒரு வலைப்பாய் விரிக்கும். தெரபோசா அந்தப் பாயில் தன் சுணைமுடிகளையும் சேர்த்துவிடும். அதன்மேல் மல்லாந்து படுத்துக்கொள்ளும். நெடுநேரம் எதுவும் நடக்காததுபோல் இருக்கும். உள்ளே திரவத்தை முன்னுடலுக்குத் தள்ளி அழுத்தம் கூட்டிக்கொண்டிருக்கும். திடீரென்று முன்னுடலின் ஓடு விளிம்பில் விரிந்து மூடிபோல் எழும். அந்தத் திறப்பு வழியாக எட்டுக் கால்களையும், பல்லையும், இரைப்பையின் உட்தோலையும்கூட உருவி வெளியே எடுக்கும். கால்கள் வெளிவரும்போது அலையலையாகத் துடிப்பது தெரியும். பெரிய சிலந்திக்குப் பல மணி நேரம் ஆகும்.

புதிய பற்கள் வெள்ளையாக இருக்கும், பிறகு சிவக்கும், அப்புறம் கருக்கும். முழுக்கக் கருக்கும்வரை உணவு கூடாது. பெரியவற்றுக்கு இரண்டு வாரமாவது காத்திருங்கள். தண்ணீர் மட்டும் நிறைய இருக்கட்டும். இழந்த கால் இருந்தால் இந்தத் தோலுரிப்பில் சின்னதாக முளைத்திருக்கும், அடுத்தடுத்ததில் முழுசாகும்.

கையில் எடுக்கலாமா?

வேண்டாம் என்பதே என் உறுதியான கருத்து. டரான்டுலாவுக்கு உங்களைத் தெரியாது, பழகவும் பழகாது. உங்கள் கை அதற்கு ஒரு சூடான தரை, அவ்வளவுதான். அமைதியாக நிற்கும் சிலந்தி ஒரு மூச்சுக்காற்று பட்டதும் ஓடும், விழும். விழுந்தால் என்னவாகும் என்று மேலே சொல்லிவிட்டேன். பார்த்து ரசிக்கும் உயிர் இது. அப்படிப் பார்ப்பதற்கே நிறைய இருக்கிறது.

இடம் மாற்ற வேண்டியிருந்தால் ஒரு ஒளிபுகும் டப்பாவை அதன்மேல் கவிழ்த்து, அடியில் ஒரு அட்டையை நகர்த்துங்கள். அல்லது டப்பாவை முன்னால் வைத்து, பின்காலை மென்மையான பிரஷ்ஷால் லேசாகத் தொடுங்கள். தானே நடந்து உள்ளே போகும். தரையில் உட்கார்ந்து செய்யுங்கள், மேசைமேல் வேண்டாம்.

சுணைமுடி அவ்வளவு ஆபத்தா?

தோலில் பட்டால் அரிப்பும் தடிப்பும் சில நாள் இருக்கும். பசைநாடாவை ஒட்டி ஒட்டி எடுத்து, தண்ணீரில் கழுவினால் குறையும். கண்தான் கவலை. அமெரிக்கக் கண்டங்களின் டரான்டுலாக்கள் பின்காலால் வயிற்றைத் தேய்த்து இந்த முடிகளைக் காற்றில் பறக்கவிடும். ஒவ்வொன்றிலும் கொக்கிகள் உண்டு. கண்ணைக் கசக்கக் கசக்க உள்ளே போகும். 2009-ல் பிரிட்டனின் லீட்ஸ் நகர மருத்துவர்கள் இப்படி ஒருவரைப் பார்த்தார்கள். சாதாரணக் கண்வலி என்று கொடுத்த மருந்து கேட்கவில்லை; கருவி வைத்துப் பெரிதாக்கிப் பார்த்தபோது கருவிழிக்குள் நுண்முடிகள். தொட்டியைச் சுத்தம் செய்யும்போது அவருடைய டரான்டுலா முகத்தில் முடி வீசியிருக்கிறது. அவை எடுக்கமுடியாத அளவுக்குச் சிறியவை. நீண்ட நாள் சொட்டு மருந்துதான் வழி.

ஆகவே தொட்டியில் வேலை செய்யும்போது கண்ணாடியும் கையுறையும் அணியுங்கள். முகத்தைக் குனிந்து உள்ளே நீட்டாதீர்கள். கண்ணில் பட்டதாகச் சந்தேகம் வந்தால் கசக்காமல் கண் மருத்துவரிடம் போய், "டரான்டுலா முடி" என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிடுங்கள்.

கடித்தால்?

அமெரிக்க இனங்களின் விஷம் பெரும்பாலும் குளவி கொட்டிய அளவு வலிதான். ஆனால் தெரபோசாவின் பல் 2 சென்டிமீட்டர் நீளம், அந்தக் குத்தே பெரிய காயம். கழுவி, ஒவ்வாமை அறிகுறி தெரிகிறதா என்று பாருங்கள். மூச்சுத் திணறினாலோ முகம் வீங்கினாலோ உடனே மருத்துவமனை. வீட்டில் நாய் இருந்தால் தொட்டி எட்டாத இடத்தில் இருக்கட்டும். ஆஸ்திரேலிய இனங்களின் கடி நாய்களைக் கொன்றிருக்கிறது.

கொசுமருந்து அடிக்கலாமா?

அந்த அறையில் கூடாது. பூச்சியைக் கொல்வது சிலந்தியையும் கொல்லும். புகைச்சுருள், ஸ்ப்ரே, மின்சாரத்தில் சூடாக்கும் திரவம் எல்லாம் இதில் அடங்கும். நாய், பூனைக்குத் தெள்ளுமருந்து தடவிய கையோடும் தொட்டிக்குள் கைவிடாதீர்கள்.

ஜோடியாக வைக்கலாமா?

கூடாது. ஒன்று மற்றொன்றைத் தின்றுவிடும்.

இரண்டு வாரம் ஊருக்குப் போகிறேன்?

கிண்ணத்தை நிரப்பிவிட்டு நிம்மதியாகப் போங்கள்.

கால்களை உடலுக்கடியில் மடக்கிக்கொண்டு குத்துக்காலிட்டதுபோல் இருக்கிறது?

இதுதான் உண்மையான அபாய அறிகுறி. திரவ அழுத்தம் குறைந்துவிட்டது என்று அர்த்தம். பெரும்பாலும் தண்ணீர்ப் பற்றாக்குறை. இல்லாவிட்டால் காயம், முதுமை, நோய். ஆழமில்லாத கிண்ணத்தின் விளிம்பில் வாய் தண்ணீரைத் தொடும்படி, வயிறு தண்ணீருக்கு வெளியே இருக்கும்படி வையுங்கள். வறட்சி மட்டும்தான் காரணம் என்றால் சில மணி நேரத்தில் கால்கள் விரியத் தொடங்கும். வாயைச் சுற்றி வெள்ளையாகப் பிசின்போல் ஏதாவது இருந்தால் அது உருளைப்புழுத் தொற்றாக இருக்கலாம். மற்ற சிலந்திகளிடமிருந்து உடனே பிரித்து, இடுக்கி உட்பட எதையும் பொதுவாகப் பயன்படுத்தாமல், அயல் விலங்குகளைப் பார்க்கும் கால்நடை மருத்துவரைக் கேளுங்கள். இந்தத் தொற்றுக்கு நம்பகமான சிகிச்சை இல்லை.

இனி வளர்க்க முடியாது. வெளியே விட்டுவிடலாமா?

விடவே கூடாது. பொருந்தாத இடமென்றால் அது சாகும். பொருந்திவிட்டால் அந்த இடத்து உயிர்களுக்குச் சிக்கல். மெக்சிகோவைச் சேர்ந்த டில்டோகாட்ல் வேகன்ஸ் என்ற டரான்டுலா இப்படித்தான் அமெரிக்காவின் ஃபுளோரிடாவில் வளை தோண்டிக் குடியேறியதாகக் கருதப்படுகிறது. வாங்கியவரிடமே திருப்பிக் கேளுங்கள், அல்லது வேறு வளர்ப்பவரிடம் கொடுங்கள். கொடுக்கும்போது இனத்தின் பெயர், கடைசியாகத் தோலுரித்த தேதி, கடைசியாக உண்ட தேதி மூன்றையும் எழுதிக் கொடுத்துவிடுங்கள்.